பீலியில் இருபத்திரண்டு குடும்பம்

சேம்படி, பாச்சலூர் வழி
18 மார்ச் 2007

யோகராஜ் அண்ணனுக்கு,

மகாராணி எழுதுகிறேன். எந்த மகாராணி என்று யோசிக்காதே, உனக்கு இருப்பது ஒரே தங்கச்சிதான். அம்மா போன சேதியைத் தொண்ணூற்றொன்றில் எழுதினேன். "அடுத்த வருசம் கட்டாயம் வாரேன்" என்று பதில் போட்டாய். எழுபத்து மூன்றில் தலைமன்னாரில் என்னையும் அம்மாவையும் கப்பலேற்றிவிட்டு "அடுத்த கப்பல்ல வாரேன்" என்று சொன்ன அதே ஆள்தானே நீ. இனி உனக்கு எழுதுவதில்லை என்று அன்றைக்கு முடிவு செய்தேன். அந்த முடிவில் மாற்றமில்லை. இது ஒரு சந்தேகம் கேட்பதற்காக மட்டும். அதனால் சுகம் விசாரிக்கவில்லை.

நான் இப்போது சேம்படி பஞ்சாயத்தில் வார்டு மெம்பர். போன அக்டோபரில் ஜெயித்தேன். சிரிக்காதே. "சிலோன்காரிக்கு ஓட்டா?" என்று கேட்டவர்களும்தான் போட்டார்கள்.

எங்கள் ஊரில் பாறைக்கு அடியில், சேம்புச் செடிகளுக்கு நடுவில் ஓர் ஊற்று இருக்கிறது. சித்திரை வெயிலிலும் வற்றாது. நூற்று முப்பது வீட்டுக்குக் குடிக்க, குளிக்க, சௌசௌப் பந்தலுக்குப் பாய்ச்ச எல்லாம் அதுதான். அதை முப்பது வருஷத்துக்கு ஒரு வெளிநாட்டுக் கம்பெனிக்கு எழுதிக் கொடுக்கச் சொல்கிறார்கள். கம்பெனி குழாய் போடும், மீட்டர் வைக்கும். நமக்குக் கொடுத்தது போக மிச்சத்தை அது என்ன வேண்டுமானாலும் செய்துகொள்ளும். இதற்குக் கடன் தருகிற வங்கியும் வெளிநாடு. இந்தக் கம்பெனியை வைத்துக்கொண்டால்தான் கடனாம். கல்யாணத்துக்குக் கடன் கொடுக்கிறவன் மாப்பிள்ளையையும் அவனே கூட்டிக்கொண்டு வருகிற கதை.

கம்பெனியின் ஆய்வறிக்கை போன வாரம் வந்தது. தமிழில் நூற்றுப் பன்னிரண்டு பக்கம். எங்கள் ஊரை நேரில் அளந்து எழுதியதாம். தலைவர் தண்டாயுதபாணி கூட்டத்தில் வாசித்தார். அவர் பழனிக்காரர், அடிவாரத்தில் பரம்பரையாகக் காவடிச் சாமான் கடை. மலையில் பெண் எடுத்து இங்கேயே தங்கிவிட்டார். "தற்சமயம் ஒவ்வொரு பீலியிலும் இருபத்திரண்டு லயக் குடும்பங்கள் குளிக்கின்றன" என்ற வரி வந்ததும் கண்ணாடியைக் கழற்றிவிட்டார்.

"பீலின்னா மயில் தோகை. பழனியில பொறந்தவனுக்குத் தெரியாதா? மயில் தோகையில இருபத்திரண்டு குடும்பம் எப்படிய்யா குளிக்கும்? இதுல லயம் வேற, தாளம் வேற. இது குடிதண்ணித் திட்டமா, காவடியாட்டமா?"

எல்லாரும் வயிற்றைப் பிடித்துக்கொண்டு சிரித்தார்கள். அச்சுப் பிழை என்று சொல்லி அடுத்த பக்கத்துக்குப் போய்விட்டார். எனக்குச் சிரிப்பு வரவில்லை அண்ணே. மலைத் தண்ணீர் தகரம் வழியாகக் கொட்டுகிற இடத்தை நாம்தானே பீலி என்போம்? அம்மா என்னை நடுங்க நடுங்க நிறுத்தி முதுகு தேய்த்தது மேமலைத் தோட்டத்துப் பீலியில்தானே? சேம்படியில் தோட்டத்து லயம் என்கிற வரிசை வீடுகளும் கிடையாது, பீலியும் கிடையாது. சிலோனிலிருந்து வந்த எங்கள் முப்பது குடும்பத்தைத் தவிர இங்கே யாருக்கும் அந்த வார்த்தையே தெரியாது.

இந்தக் கம்பெனி அங்கே வந்ததா? வந்து என்ன செய்தது? ஆகஸ்ட் பதினைந்தாம் தேதி கிராம சபையில் இதற்கு ஓட்டு. அதற்குள் உண்மையை எழுது.

மகாராணி


மேமலைத் தோட்டம், மேல் டிவிசன், ஹட்டன்
2007 ஏப்ரல் 12

அன்புத் தங்கச்சிக்கு,

நீ விசாரிக்காவிட்டாலும் சொல்கிறேன், சுகமாக இருக்கிறேன். விஜயராணி கொழுந்துக் கூடையோடு மலையிலிருந்து இறங்கி வரும்வரை உன் கடுதாசியைக் கையில் வைத்துக்கொண்டு வாசலிலேயே நின்றேன். "யாருக்கு என்னா ஆச்சு?" என்று பதறிவிட்டாள். "ஒண்ணும் ஆகல்ல, மகாராணி ஏசி எழுதியிருக்கா" என்றேன். உன் அண்ணிக்கும் ஏக சந்தோசம்.

உன் சந்தேகம் சரிதான். அவர்கள் இங்கே வந்து மூன்று வருசமாகிறது. அந்த அறிக்கையின் தமிழ் எங்கள் பள்ளிக்கூடத்து சிவராமன் மாஸ்டர் எழுதியது. "ஊற்றுக் குழாய்" என்று போடுங்கள் என்று கம்பெனிக்காரர் சொன்னாராம். "வாசிக்கிற சனத்துக்கு வெளங்க வேணாமா?" என்று கேட்டு மாஸ்டர் பீலி என்றே போட்டார். நீ எழுதிய வரியை அவருக்குக் காட்டினேன். இருபத்திரண்டு என்ற எண்ணைக்கூட அவர்கள் தொடவில்லை. மேமலை என்று இருந்த இடத்தை அடித்துவிட்டு சேம்படி என்று போட்டிருக்கிறார்கள். உங்கள் ஊரை அளந்ததெல்லாம் அவ்வளவுதான்.

முதல் வருசம் நன்றாகத்தான் ஓடியது. பிறகு ஊற்றைச் சுற்றிக் கொங்கிரீட் கட்டி இரும்புக் கதவு போட்டுப் பூட்டினார்கள். சாவி ஓர் ஆளிடம் இருக்கும். காலையில் ஒரு மணித்தியாலம் லயத்துப் பக்கம் திறப்பான். மிச்ச நேரமெல்லாம் தண்ணீர் கீழே ஒரு பெரிய ஹோட்டலுக்கும் போத்தல் அடைக்கிற இடத்துக்கும் போகிறது. கொழுந்து பறிக்கிற பொம்பளைகள் அந்த ஒரு மணித்தியாலத்தில் பிரட்டுக்களத்தில் வேலைக்குப் பேர் கொடுக்கப் போவார்களா, தண்ணீர் பிடிப்பார்களா?

முன்பு எப்படி இருந்தது என்பது உனக்குத் தெரிந்திருக்காது. நீங்கள் போன பிறகு வந்த ஏற்பாடு அது. பீலி முறை என்று பெயர். வாரம் ஒரு வீடு. எந்த வீட்டு முறையோ அந்த வீட்டுக் கதவில் ஒரு தகரம் தொங்கும். அந்த வீட்டுப் பொம்பளைதான் பாசி தேய்ப்பாள், வரிசை பார்ப்பாள், சண்டை வந்தால் தீர்ப்பும் சொல்வாள். கங்காணி பெண்சாதியானாலும் அந்த வாரம் தகரத்துக்காரி சொன்னால் சொன்னதுதான். இருபத்தைந்து வருசம் ஒரு பூட்டு இல்லாமல் நடந்தது. அறிக்கையில் அதைப் பற்றி ஒரு வரி எழுதியிருக்கிறார்கள். "நிர்வாகம் ஏதும் இல்லை" என்று.

வெள்ளைத் துரை போனபோது, இனி நம்முடைய ஆட்கள் நம்முடைய தண்ணீரைப் பார்த்துக்கொள்வார்கள் என்று அப்பா சொல்வாராம். இப்போது துரை வருவதில்லை, கடன் ஒப்பந்தம் வருகிறது. அவர் குதிரையிலாவது வந்தார், நின்று ஏசவாவது முடிந்தது.

இதையெல்லாம் சபையில் சொல். என் பெயரை மட்டும் சொல்லாதே. இங்கே நேரம் சரியில்லை. தமிழ்க் கடுதாசி என்றால் தபால் கந்தோரிலேயே ஒரு மாதிரிப் பார்க்கிறார்கள்.

உன் அண்ணன்
யோகராஜ்


சேம்படி
5 மே 2007

அண்ணனுக்கு,

வீட்டில் எல்லோரும் சுகம். உன் மச்சான் மூக்கையாவுக்கு மட்டும் மூட்டு வலி, அது மழைக்கு வரும், வெயிலுக்குப் போகும். அங்கே அண்ணிக்கு என் விசாரிப்பு. இதற்கு மேல் எதிர்பார்க்காதே.

பீலி முறையைப் படித்துவிட்டு நான் சும்மா இருக்கவில்லை. போன மாதமே சேம்படியிலும் தகரம் தொங்கவிட்டாயிற்று. முதல் வாரம் இராசாத்தி வீடு. இரண்டாம் நாளே பக்கத்து வீட்டில் தனியாக இருக்கும் அவள் மாமியார் பிச்சையம்மாள் உரச்சாக்கைக் கொண்டுபோய் ஊற்று வாயில் அலசியிருக்கிறாள். "எத்தே, தகரம் என் கதவுல தொங்குது. சாக்கத் தூக்கிட்டு வெரசா ஓடைக்குப் போங்க" என்று ஊர் கேட்கச் சொல்லிவிட்டாள். பத்து வருஷமாக மாமியார் முன்னால் வாய் திறக்காதவள்! பிச்சையம்மாள் மூன்று நாள் முகத்தைத் தூக்கி வைத்திருந்தாள். அடுத்த வாரம் தகரம் தன் வீட்டுக்கு வந்ததும் எல்லாம் சரியாகிவிட்டது, இப்போது அவள்தான் ஊரையே விரட்டுகிறாள். லயத்துப் பெண்கள் கண்டுபிடித்த இந்த ஏற்பாட்டை நினைத்தால் எனக்குக் கையெடுத்துக் கும்பிடத் தோன்றுகிறது. எந்த அறிக்கையிலும் இவ்வளவு புத்தி இல்லை.

நீ எழுதியதை மட்டும் நம்பி நான் சபையில் பேச முடியாது. "கடுதாசியில யாரு வேணா எழுதலாம்" என்பார்கள். அதனால் தகவல் உரிமைச் சட்டத்தில் மனுப் போட்டிருக்கிறேன். கொடைக்கானலில் நாயுடுபுரத்தில் சுசித்ரா என்ற பெண் டைப்பிங், ஜெராக்ஸ் கடை வைத்திருக்கிறாள். "மேடம், கம்பெனி டெண்டர் விட்ட ஆபீஸ்ல என்னென்ன சர்டிபிகேட் குடுத்திருக்குன்னு கேளுங்க. எக்ஸ்பீரியன்ஸ் காட்டாம டெண்டர்ல வரவே முடியாது" என்று அவள்தான் கேள்வியைச் செதுக்கித் தந்தாள். ஒரு வெள்ளைத்தாள், பத்து ரூபாய் ஸ்டாம்ப்.

அலுவலகத்தில் ஒருவர் மனுவைத் திருப்பித் திருப்பிப் பார்த்தார். "இதெல்லாம் உனக்கு எதுக்கும்மா?" என்றார். "எதுக்குன்னு சொல்ல வேண்டியதில்லன்னு சட்டத்துல இருக்குங்க" என்றேன். முத்திரை குத்தி ரசீது வாங்கிக்கொண்டுதான் நகர்ந்தேன். முப்பது நாளில் பதில் தந்தாக வேண்டும்.

ஒன்று யோசித்தாயா? உனக்கும் எனக்கும் நடுவில் ஒரு சின்னக் கடல்தான். உங்கள் ஊர் அடிபட்டது எங்களுக்குத் தெரியாது, எங்கள் ஊருக்கு அடுத்து வருவது உங்களுக்குத் தெரியாது. இரண்டு ஊரும் தெரிந்த கம்பெனிக்காரன் லண்டனில் இருக்கிறான். நாம் பேசிக்கொள்ளாமல் இருந்ததில் அவனுக்கு எவ்வளவு சௌகரியம் பார். இதில் என் பங்கும் பதினாறு வருஷம் இருக்கிறது.

மகாராணி


மேமலை
2007 மே 29

அன்புத் தங்கச்சி,

பத்து ரூபாய் ஸ்டாம்பை ஒட்டினால் கவர்மென்ட் பதில் சொல்ல வேண்டுமா? மாஸ்டரிடம் இரண்டு தரம் வாசிக்கச் சொன்னேன், நான்தான் தப்பாக விளங்கிக்கொண்டேனோ என்று. எங்களிடம் இப்படி ஒரு சட்டம் கிடையாது. பிரஜாவுரிமைக் காகிதத்துக்காக எத்தனை வருசம் கந்தோர் வாசலில் நின்றோம், "ஏன் இன்னும் வரவில்லை" என்று ஒரு வார்த்தை கேட்க யாருக்குத் துணிவு இருந்தது? பதினாலு வயசில் கப்பலில் அழுதுகொண்டே போன பெண், ஆபீசரைப் பார்த்துச் சட்டம் பேசுகிறாள். எனக்கு நெஞ்சு நிறைந்துபோனது மகாராணி.

ஆனால் ஒன்று சொல்கிறேன், கோபிக்காதே. அந்த சர்டிபிகேட் எல்லாம் வாங்கித்தான் ஆக வேண்டுமா? பீலி என்ற வார்த்தை ஒன்றே போதுமே, அறிக்கை காப்பி என்று காட்டிவிடலாமே. பழைய காகிதங்களைக் கிளறினால் என்னென்னவோ வரும். யோசித்துச் செய்.

யோகராஜ்


சேம்படி
20 ஜூன் 2007

பதில் வந்துவிட்டது. பதினான்கு பக்கம். ஒன்பதாம் பக்கத்தின் நகலை இத்துடன் வைத்திருக்கிறேன். ஆங்கிலத்தில் இருப்பதை சுசித்ரா தமிழில் சொன்னாள். "மேமலைத் தோட்டத்துத் தாய்மார்கள் இருபத்து நான்கு மணி நேரமும் தண்ணீர் பெறுகிறார்கள். எங்கள் ஊற்றைக் கம்பெனியிடம் ஒப்படைத்தது எங்கள் வாழ்வின் சிறந்த முடிவு. மற்ற நாட்டு மக்களுக்கும் இதையே பரிந்துரைக்கிறோம்."

கீழே கையெழுத்து யாருடையது? வாசிக்கவே வேண்டாம், அந்தக் கடைசி எழுத்திலிருந்து கீழே இழுத்துவிட்ட வாலைப் பார்த்தாலே தெரிகிறது. "யோகராஜ், நீர்ப் பயனாளர் சங்கச் செயலாளர், நீர்த் திறப்பாளர்."

சாவி வைத்திருக்கிற அந்த "ஓர் ஆள்" யார் என்று இப்போதுதான் விளங்கியது. உன் பெயரைச் சொல்ல வேண்டாம் என்று ஏன் எழுதினாய் என்பதும் விளங்கியது. என் ஊருக்குப் பூட்டு என் அண்ணன் கையெழுத்தில் வருகிறது. இதை நான் சபையில் எந்த முகத்தோடு காட்டுவேன்? காட்டாமலும் எப்படி இருப்பேன்?

பதில் போட வேண்டாம். அடுத்த கப்பலில் வருகிறேன் என்று மறுபடியும் எழுதிவிடப் போகிறாய்.

மகாராணி


மேமலை
2007 ஜூலை 14

தங்கச்சி,

போட வேண்டாம் என்றாய், போடுகிறேன். முழுக்க வாசித்துவிட்டுக் கிழித்துப் போடு.

கையெழுத்து என்னுடையதுதான். இங்கிலீசுக் காகிதம். கீழ் லயத்துக்கு இன்னும் ஒரு மணித்தியாலம் தண்ணீர் கேட்டு எழுதிய மனு என்று சொன்னார்கள். நான் வாசிக்கவில்லை, வாசிக்கத் தெரியாது. அதோடு நிறுத்தினால் நான் தப்பித்துவிடுவேன். ஆனால் மாஸ்டர் வீடு இருபது எட்டு நடந்தால் வந்துவிடும், கொண்டுபோய்க் காட்டியிருக்கலாம். காட்டவில்லை. தேயிலை கவ்வாத்து வெட்டுகிற மலையில் விழுந்து முழங்கால் போன பிறகு எனக்குத் தோட்டத்தில் வேலை இல்லை. சாவி வேலையை அவர்கள் கொடுத்தார்கள். மாஸ்டர் வாசித்துச் சொல்லிவிட்டால் கையெழுத்துப் போட முடியாதே என்ற பயத்தில்தான் காட்டவில்லை. உண்மை அதுதான்.

கப்பல் விசயத்திலும் அப்படித்தான். பிரஜாவுரிமைக் காகிதத்தில் நீங்கள் இந்தியாவுக்கு என்று எழுதியபோது நான் இலங்கைக்கு என்று எழுதிக் கொடுத்துவிட்டேன். விஜயராணி குடும்பம் இங்கேயே இருப்பது என்று முடிவானதால். அதை அம்மாவிடம் சொல்லத் தைரியம் வரவில்லை, "அடுத்த கப்பல்" என்று வாயில் வந்தது. உன்னிடம் முப்பத்து நான்கு வருசம் கழித்துச் சொல்கிறேன். என்னை மன்னி என்று கேட்கிறேன், மகாராணி.

நீ அனுப்பிய நகலை விஜயராணியிடம் காட்டினேன். அவள் ஒன்றும் ஏசவில்லை. "பொம்பளைங்க முன்னால வாசிங்க" என்றாள். ஞாயிற்றுக்கிழமை வெள்ளனே பிரட்டுக்களத்துக்கு எல்லாரையும் வரச் சொன்னோம். மாஸ்டர் அந்தச் சான்றிதழைத் தமிழில் வாசித்தார். "இருபத்து நான்கு மணி நேரமும்" என்ற இடத்தில் ஒருத்தி காலிக் குடத்தைக் கவிழ்த்துத் தட்டினாள். பிறகு எல்லாருமே தட்டினார்கள். நான் நடுவில் நின்றேன். அதைப் போல் ஒரு சத்தத்தை நான் கேட்டதில்லை.

தட்டி ஓய்ந்ததும் என்னை அடிப்பார்கள் என்றுதான் நினைத்தேன். கண்மணி என்று ஒரு பெண், கொழுந்து பறிக்கிறவள், கேட்டாள். "அண்ணே, அந்த ஊர்ச் சனம் இத நம்பிக் கையெழுத்துப் போட்டுருமா?" போட்டுவிடும் என்றேன். "அப்ப ஒடனே வேற கடுதாசி எழுதுங்க. நாங்களும் போடுறோம்." எங்களுடைய பூட்டைப் பற்றி அன்றைக்கு யாரும் பேசவில்லை தங்கச்சி. உங்கள் ஊற்றைப் பற்றித்தான் பேசினார்கள். இந்தப் பெண்களோடு ஒரே லயத்தில் இருந்துகொண்டு, இவர்கள் யார் என்று தெரியாமல் இத்தனை வருசம் இருந்திருக்கிறேன்.

அந்த வாக்குமூலம் இத்துடன் இருக்கிறது. முதலில் என் கையெழுத்து, பிறகு நாற்பத்தொரு பெண்களுடையது. பாதி கைநாட்டு. சாவியைத் திங்கட்கிழமை திருப்பிக் கொடுத்துவிட்டேன்.

சபையில் வாசி. என் பெயரைச் சொல்லியே வாசி.

யோகராஜ்


சேம்படி
17 ஆகஸ்ட் 2007

அண்ணே,

முதலில் முடிவைச் சொல்லிவிடுகிறேன், இல்லாவிட்டால் நீ கடைசிப் பக்கத்தைத் திருப்பிப் பார்ப்பாய். ஊற்று எங்களிடமே இருக்கிறது. முந்நூற்றுப் பன்னிரண்டு பேர் வந்த சபையில் திட்டத்துக்கு ஒன்பது கைதான் தூக்கப்பட்டது.

சுதந்திரம் வந்து அறுபது வருஷம் என்று கொடியேற்றி மிட்டாய் கொடுத்தார்கள். பிறகு கம்பெனி சார்பில் ராஜமுருகன் என்பவர் பேசினார். சென்னைப் பிள்ளை, மரியாதையானவர், திரையில் படம் எல்லாம் காட்டினார். கடைசிப் படம் உன் சான்றிதழ். "பக்கத்து நாட்டு மக்களே பரிந்துரைக்கிறாங்க" என்றார். நான் எழுந்தேன். அந்தப் பக்கத்து நாட்டு ஆள் என் கூடப்பிறந்த அண்ணன், அவர் வேறு ஒரு கடிதமும் எழுதியிருக்கிறார், வாசிக்க வேண்டும் என்றேன்.

மேடையில் இருந்த அதிகாரி மறுத்தார். "அது வேற நாட்டு விவகாரம். அந்நிய நாட்டுக் கடிதத்தையெல்லாம் கிராம சபையில வாசிக்க முடியாது."

நான் கடிதத்தைக் கீழே வைக்கவில்லை. அப்போது யார் எழுந்தது தெரியுமா? நம்ம காவடிக் கடைக்காரர் தண்டாயுதபாணி.

"இருங்க சார். இந்த அறிக்கையே அந்த நாட்டுதுதானே? பீலின்னு போட்டிருந்துச்சு, நான் மயில் தோகைன்னு சிரிச்சேன். மெம்பரம்மா சொன்ன பொறகுல்ல என் மரமண்டைக்கு ஏறுச்சு. அறிக்கை கடல் தாண்டி வரலாம், கம்பெனி கடல் தாண்டி வரலாம், கடன் கடல் தாண்டி வரலாம். அடிபட்டவன் சொல்ற சொல்லு மட்டும் வரக்கூடாதா? ஏம்மா மெம்பரு, நீ வாசி."

பொசுக்கென்று கோபம் வருகிற மனிதர், அவசரப்பட்டுச் சிரித்துவிடுகிற மனிதர். ஆனால் முந்நூறு பேர் முன்னால் தன் தப்பைத் தானே சொன்னார் பார், அதற்காக அவருக்கு ஆயுசுக்கும் ஓட்டுப் போடுவேன்.

உன் வாக்குமூலத்தை வாசித்தேன். "வாசித்துச் சொல்லிவிட்டால் கையெழுத்துப் போட முடியாதே என்று பயந்தேன்" என்று அதிலும் எழுதியிருக்கிறாயே, அந்த இடத்தில் என் குரல் உடைந்துவிட்டது. யாரும் சிரிக்கவில்லை. வாசிக்காமல் கையெழுத்துப் போடாதவர் அந்தக் கூட்டத்தில் யார் இருந்தார்கள்? நாற்பத்தொரு பெயரையும் வாசித்தேன். பாதியில் பின் வரிசையிலிருந்து நல்லசாமி அண்ணன் எழுந்துவிட்டார், அவரும் எங்களோடு கப்பலில் வந்தவர். "கண்மணின்னு வாசிச்சியே, லயத்துக் கடைசித் தொங்கல் வீட்டு மாரியாயி மகளா? எங்க அக்கா மகம்மா அது! நான் வரும்போது கைக்குழந்த!" என்றார். அதற்குப் பிறகு ஒவ்வொரு பெயருக்கும் யாராவது ஒருவர் கேட்டுக்கொண்டே இருந்தார்கள். அதிகாரி கடிகாரத்தைப் பார்த்தார். தண்டாயுதபாணி ஒரு பெயரைக்கூட விடவிடவில்லை.

தீர்மானத்தை எழுதும்போது கிளார்க் ஞானவேல் பேனாவை நிறுத்தினான். "தலைவரே, பீலின்னு எழுதுறதா, ஊத்துன்னு எழுதுறதா?"

"ஏலே, ரெண்டையும் எழுதுடா. அந்த ஒரு வார்த்த இல்லேன்னா இந்நேரம் ஊத்தே இல்ல."

தீர்மானம் இதுதான், நகல் வைத்திருக்கிறேன்: "சேம்படி ஊற்றும் அதன் பீலியும் கிராம சபைக்கு உரியவை. அதை முறைவைத்துப் பராமரிக்கும் பெண்களே அதன் நிர்வாகம். எந்த ஒப்பந்தமும் மக்கள் பேசும் மொழியில் சபையில் முழுதாக வாசிக்கப்படாமல் கையெழுத்தாகக் கூடாது. எந்தத் திட்டமும் வேறு ஊரில், வேறு நாட்டில் நடந்ததாகச் சொல்லப்பட்டால், அந்த ஊர் மக்களிடம் நேராகக் கேட்டுப் பதில் பெறாமல் இந்தச் சபை முடிவெடுக்காது." கடைசி வரி என்னுடையது. எட்டாம் வகுப்புப் படித்தவள் எழுதினேன் என்று சுசித்ரா நம்ப மாட்டேன் என்கிறாள்.

சாவியைக் கொடுத்துவிட்டாய், இனி என்ன செய்வாய்? அதை நீ எழுதவில்லை. நான் ராத்தூக்கம் இல்லாமல் அதையே நினைத்துக்கொண்டிருக்கிறேன். உன்னை மன்னித்தேனா என்று கேட்காதே. அந்த வாலுள்ள கையெழுத்தை சபையில் எல்லாருக்கும் தூக்கிக் காட்டினேன், "எங்க அண்ணன் கையெழுத்து" என்று சொன்னேன். பெருமையாகத்தான் சொன்னேன்.

உன் தங்கச்சி
மகாராணி


மேமலை
2008 பெப்ரவரி 4

அன்புத் தங்கச்சி,

இன்று எங்களுக்கும் அறுபது. கொடியேற்றம் முடிந்து வந்து எழுதுகிறேன். ஐந்து மாதம் எழுதாததற்கு ஏச வேண்டியதை ஏசிவிடு. சாவி போன பிறகு கம்பெனிக்காரர்கள் பொலிசில் ஒரு முறைப்பாடு கொடுத்தார்கள், நான் சனத்தைக் கிளப்பிவிடுகிறேன் என்று. மூன்று தரம் போய்க் கையெழுத்து வைத்துவிட்டு வந்தேன், ஒவ்வொரு தரமும் மாஸ்டரை வாசிக்கச் சொல்லிவிட்டுத்தான் வைத்தேன். இப்போது அது ஓய்ந்துவிட்டது. கொழுந்துச் சாக்குத் தைக்கிறேன், உட்கார்ந்து செய்கிற வேலை. விஜயராணி சம்பாத்தியத்தில் சாப்பிடுகிறேன். அவள் சொல்லிக் காட்டுவதில்லை, குழம்பில் மட்டும் உப்பைக் கூட்டிவிடுகிறாள்.

உங்கள் தீர்மானத்தை பிரட்டுக்களத்தில் வாசித்தோம். கண்மணிக்குத் தன் மாமன் உயிரோடு இருப்பது அன்றைக்குத்தான் தெரியும். வாசித்து முடித்ததும், "இதையே நாமளும் எழுதிக் குடுத்தா என்னா?" என்றாள். பிரதேச சபையில் கொடுத்தோம். தலைவர் சிங்களவர், நல்ல மனிதர். தோட்டத்து லயத்துக்குள் தலையிட அவர்களுக்கு அதிகாரம் இல்லை என்று கையை விரித்தார். அப்போதுதான் கீழ்க் கிராமத்துச் சிங்களப் பெண்கள் வந்தார்கள். அவர்கள் வயலுக்கும் இதே ஊற்றுத்தான், இதே பூட்டுத்தான். அவர்கள் கிராமம் சபையின் அதிகாரத்துக்குள் வருகிறது. எங்கள் பெண்களும் அவர்களும் சேர்ந்து சபை வாசலில் உட்கார்ந்தார்கள். பாதிப் பேருக்குப் பாதிப் பேர் பேசுவது விளங்காது. குடத்தைத் தட்டினால் எல்லாருக்கும் விளங்கியது. சபை தீர்மானம் போட்டது. போன மாதம் இரும்புக் கதவைக் கழற்றிவிட்டார்கள். ஒப்பந்த வழக்கு இன்னும் நடக்கிறது, எத்தனை வருசம் போகுமோ தெரியாது. ஆனால் தகரம் கதவுகளில் திரும்பத் தொங்குகிறது. இந்த வாரம் கீழ்க் கிராமத்துச் சோமாவதி வீட்டில்.

ஹட்டனுக்குப் போய்ப் பாஸ்போர்ட்டுக்கு விண்ணப்பம் போட்டேன். இராமேசுவரத்துக்கு இப்போது கப்பல் இல்லையாமே. பிளேனில் வருவதானால் மூக்கையா மச்சானுக்கு என்ன கொண்டு வர வேண்டும் என்று கேட்டு எழுது. வருவேன் என்று நான் சொல்லவில்லை, விண்ணப்பம் போட்டேன் என்று மட்டும் சொல்கிறேன்.

கடைசியாக ஒரு தப்பு நடந்திருக்கிறது, நீதான் பொறுத்துக்கொள்ள வேண்டும். உங்கள் தீர்மானத்தைப் பார்த்து எங்கள் பெண்கள் எழுத்துக்கு எழுத்துக் காப்பி எடுத்தார்கள். "சேம்படி ஊற்றும் அதன் பீலியும்" என்று இருந்ததையும் அப்படியே எழுதிவிட்டார்கள். சேம்படியை அடித்துவிட்டு மேமலை என்று போடுங்கள் என்றேன். கண்மணி பேனாவை மூடிவிட்டாள்.

"கெடக்கட்டும் அண்ணே. யாருகிட்டக் கேட்டு எழுதுனோமுன்னு தெரிய வேணாமா?"

சபையில் அதைச் சிங்களத்தில் மொழிபெயர்த்தவருக்கு இது தெரியாது. ஊற்றின் பெயரே அதுதான் என்று நினைத்து டைப் அடித்து, முத்திரையும் குத்திவிட்டார்கள். ஆகவே, தங்கச்சி, இந்த நாட்டு அரசாங்கக் காகிதத்தின்படி உங்கள் சேம்படி ஊற்று இப்போது மேமலையில் ஓடுகிறது.

உன் அண்ணன்
யோகராஜ்